சொல்பவர் நிற்கும் பக்கம்

நினைவுச்சாவடியில் புதிதாகச் சேர்ந்திருக்கும் பிள்ளைகளே, உங்கள் கையில் கொடுத்திருக்கும் விதிப்புத்தகத்தில் "தன்சொல்லில் இல்லாத ஒரு சொல்லையும் கூட்டாதே" என்று ஒரு விதி இருக்கிறது பாருங்கள், அது என்னால் வந்த விதி. பெருமைக்குச் சொல்லவில்லை. ஒரு நல்ல மனிதரை ஆற்றோடு அனுப்பப் பார்த்தேன், அதனால் வந்தது. அதே புத்தகத்தில் "உறவினர் எவரும் முதல் சொல் சொல்லக்கூடாது" என்று இன்னொரு விதி. அது எனக்கு முன்பே இருந்தது. அதை நான் தெரிந்தே, கண்ணைத் திறந்துகொண்டே மீறினேன். அந்த மத்தியானம் இப்போதும் எனக்கு அப்படியே நினைவிருக்கிறது. கிழவி கதை அளக்கிறாள் என்று சிரிக்காதீர்கள், அன்றைக்கு எனக்கு இருபத்து நாலு வயது.

உங்களுக்கு இப்போது எல்லாம் வசதி. டெலிபோன் இருக்கிறது, மோட்டார் படகு இருக்கிறது. நாற்பதுகளில் எப்படி இருந்தது என்று முதலில் சொல்லிவிடுகிறேன். அப்போது தூத்துக்குடிக் கரையில் உள்வாங்கல் வராத தெரு கிடையாது. கடல் உள்வாங்குகிற மாதிரி மனிதனின் நினைவு உள்வாங்கிவிடும் என்பதால் ஜனங்கள் வைத்த பெயர் அது. வலி இல்லை, காய்ச்சல் இல்லை. துறைமுகத்தில் பஞ்சுப்பொதி தூக்குகிறவன் பொதியை இறக்கிவிட்டு நிமிர்வான், தான் யார் என்று தெரியாது. உப்பளத்தில் உப்பு வாருகிற பெண் பலகையைப் பிடித்தபடி நிற்பாள். பலகையை எப்படிப் பிடிப்பது என்று அவள் கைக்குத் தெரியும், அவள் பெயர் அவளுக்குத் தெரியாது. பேச்சு போகாது, கைப்பழக்கம் போகாது. தன் கதை மட்டும் சுத்தமாகப் போய்விடும்.

அதற்குப் பிறகு ஒரு சாமம், அதாவது மூன்று மணி நேரம், அவர்கள் மனது ஈரச் சுண்ணாம்பு. அந்த நேரத்துக்குள் காதில் விழுகிற முதல் கதை எதுவோ, அது நிஜமாகவே நடந்ததாக உறைந்துவிடும். நேரம் முடியப்போகிறது என்பதற்கு அடையாளம் கொட்டாவி. மூன்று கொட்டாவி வரும். மூன்றாவதோடு தூங்கிவிடுவார்கள். தூங்கி எழுந்தபின் ஆண்டவனே இறங்கி வந்து சொன்னாலும் ஒரு எழுத்தை மாற்ற முடியாது. ஒன்றுமே சொல்லப்படாமல் தூங்கியவர்கள் வெறும் ஆளாக எழுந்திருப்பார்கள். அப்படிப்பட்டவர்களுக்கென்று சாவடிக்குப் பின்னால் ஒரு கொட்டகை இருந்தது. அந்தப் பக்கம் போவதற்கே எனக்குப் பயம்.

ஊரே இதற்குப் பழகியிருந்தது. பக்கத்தில் இருப்பவருக்கு உள்வாங்கினால் முதலில் உங்கள் வாயை மூட வேண்டும். அடுத்து, மடியில் எப்போதும் இருக்கிற பஞ்சை எடுத்து அவர் காதில் அடைக்க வேண்டும். பிறகு ஒற்றைச் சங்கு ஊத வேண்டும். சங்கு கேட்டால் கேட்ட இடத்தில் எல்லோரும் வாயைப் பொத்திக்கொள்வார்கள். குழாயடியில் சண்டை போடுகிற பெண்கள் பாதிக் கெட்டவார்த்தையில் நிறுத்தி, முதற்சொல்லி வந்து போனபின் அதே வார்த்தையின் மீதிப் பாதியிலிருந்து தொடங்குவதை என் காதால் கேட்டிருக்கிறேன்.

முதற்சொல்லி என்றால் நாம்தான். கரையில் இருக்கிற ஒவ்வொருவரும் வருஷத்துக்கு ஒரு தடவை சாவடிக்கு வந்து, தன் வாழ்க்கையைத் தன் வாயாலேயே சொல்லி எழுதி முத்திரை வைப்பார்கள். அதுதான் தன்சொல். உள்வாங்கினவர் முன்னால் உட்கார்ந்து, முத்திரையை உடைத்து, காதுப் பஞ்சை எடுத்துவிட்டு, அவர் சொன்னதை அவருக்கே திருப்பிச் சொல்ல வேண்டும். இதற்கு ஏன் ஒரு அந்நியர், வீட்டு ஆட்களே சொல்லலாமே என்று நீங்கள் கேட்பீர்கள். நானும் கேட்டேன். அதற்குக் காரணம் ஒரு தாய். சாவடி வருவதற்கு முன்பு, உள்வாங்கிய தன் மகனுக்கு அவளே அழுதுகொண்டு எல்லாக் கதையும் சொல்லிவிட்டாள். அவனுக்கு எல்லாம் ஞாபகம் வந்தது. ஆனால் அவள் பக்கத்திலிருந்து வந்தது. தான் தொட்டிலில் கிடந்ததைத் தானே குனிந்து பார்த்த ஞாபகம் அவனுக்கு. மீசை முளைத்த ஆம்பளை, தன்னைப் பெற்ற வலி எப்படி இருந்தது என்று டீக்கடையில் உட்கார்ந்து சொல்வான். கேட்கிற ஆண்கள் டீயை வைத்துவிட்டு எழுந்து போவார்கள்.

சொல்பவர் எந்தப் பக்கம் நின்று பார்த்தாரோ, அந்தப் பக்கத்திலிருந்துதான் நினைவு உறையும். அதனால்தான் எந்தப் பக்கமும் நிற்காத ஆள் வேண்டும். அதற்குத்தான் நமக்குச் சம்பளம்.

சரி, ஆற்றோடு அனுப்பப் பார்த்த கதைக்கு வருகிறேன். நான் ஸ்ரீவைகுண்டம் பக்கத்து வயற்காட்டுக்காரி. வேலையில் சேர்ந்து மூன்றாவது மாதம், கொழும்புக்கு வெற்றிலை அனுப்பத் துறைமுகத்துக்கு வந்த ஆத்தூர்க்காரர் ஒருவருக்கு உள்வாங்கிவிட்டது. அவருடைய தன்சொல்லைப் பிரித்தால் எனக்கு அழுகை வந்தது. பெயர், அப்பா பெயர், வெற்றிலைக் கொடிக்கால் எத்தனை மரக்கால் நிலம், பிள்ளைகள் எத்தனை. அவ்வளவுதான். ஐம்பது வருஷ வாழ்க்கையில் ஒரு சந்தோஷம் கூடவா இல்லை என்று எனக்கு ஆற்றாமை. தாமிரபரணித் தண்ணீர் குடித்து வளர்ந்தவள் நான், அவரும் அதே ஆற்றுக்காரர். "சின்ன வயதில் ஆற்றில் குதித்து நீந்தி விளையாடினீர்கள்" என்று ஒரு வரி, ஒரே ஒரு வரி, என் கையிலிருந்து போட்டுவிட்டேன். அவர் முகம் மலர்ந்ததே பார்க்கணும்! சாயங்காலம் வரைக்கும் நான் தரையில் நடக்கவில்லை.

அந்த ஐப்பசியில் ஆற்றில் வெள்ளம். யாரோ ஒருவருடைய ஆடு அடித்துக்கொண்டு போக, ஆத்தூர்க்காரர் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு குதித்துவிட்டார். அவருக்கு நீச்சல் தெரியாது. பிறந்ததிலிருந்தே தெரியாது. நினைவு நீந்தியது, உடம்பு நீந்தவில்லை. கொடிக்கால் வேலைக்காரர்கள் வாழைத்தண்டைப் போட்டு இழுத்துக் காப்பாற்றினார்கள். ஆடு தானாகவே கரையேறிவிட்டது.

அவர் நேராகச் சாவடிக்கு வந்தார். திட்டப்போகிறார் என்று நான் மேஜைக்குப் பின்னால் நின்றேன். அவரோ கவலையோடு கேட்டார்.

"ஏம்மா, மத்ததெல்லாம் ஞாபகம் வந்துட்டு, நீச்சல் மட்டும் எப்படி மறந்துபோச்சு? சின்னதுல எப்படி நீந்துவேன் தெரியுமா! அதுக்கு எதும் மருந்து இருக்கா?"

காலில் விழாத குறையாக நான் உண்மையைச் சொன்னேன். அவர் நம்பவில்லை. அவருக்குத்தான் நன்றாக ஞாபகம் இருக்கிறதே! கடைசி வரைக்கும் நம்பவில்லை. எங்கள் சாவடித் தலைவர் மறுநாளே அந்த விதியை எழுதி, என் மேஜைக்கு எதிரே ஒட்டினார். அவர் அதிகம் பேசாத மனிதர். ஒட்டிவிட்டு என்னை ஒரு பார்வை பார்த்தார், அவ்வளவுதான். அந்தப் பார்வைக்கு நாலு அறை வாங்கியிருக்கலாம்.

இனிமேல்தான் நான் சொல்ல வந்த கதை. யுத்தம் முடிந்து, பல வருஷம் மூடிக்கிடந்த முத்துப் பார் ஒரு மாசியில் திறந்தது. பார் என்பது கடலுக்கு அடியில் சிப்பி படிந்திருக்கும் திட்டு. ஊருக்குத் தெற்கே மணலில் ஓலைக் கொட்டகைகளாக ஒரு புது ஊரே முளைத்துவிட்டது. வெள்ளென எழுந்து கரைக்காற்றில் வள்ளங்கள் போகும், மத்தியானம் கடல்காற்றில் திரும்பும். சிப்பிக் குவியல் நாற்றமும் கருப்பட்டிக் காப்பி வாசனையும் கலந்து அடிக்கும். எனக்கு அங்கே ஒரு கொட்டகை, ஒரு மேஜைக் கடிகாரம், பார் திறந்த வாரம் குளிகாரர்கள் புதிதாகச் சொன்ன தன்சொல் நிறைந்த ஒரு தகரப் பெட்டி.

முத்துக்குளிப்பில் ஒரு வழக்கம் உண்டு. குளிகாரன் கல்லில் கால் வைத்து ஏழெட்டுப் பாகம், அதாவது ஏழெட்டு ஆள் ஆழம், கடலுக்குள் இறங்குவான். அவன் இடுப்புக் கயிற்றை மேலே ஒருவன் பிடித்திருப்பான். கீழே இருப்பவன் ஒரு சொடுக்குச் சொடுக்கினால் மேலே இருப்பவன் இழுக்க வேண்டும். கொஞ்சம் அசந்தால் ஆள் போச்சு. அந்தக் கயிற்றைக் கூடப்பிறந்த தம்பி கையில் கூடக் கொடுக்கமாட்டார்கள். பெண்டாட்டியின் கூடப்பிறந்தவன்தான் பிடிப்பான். தம்பிக்கு ஆயிரம் எண்ணம் இருக்கலாம், மச்சானுக்கோ கயிறு நழுவினால் தங்கச்சியின் தாலியல்லவா நழுவும்! எவ்வளவு கெட்டிக்கார ஜனங்கள் பாருங்கள்.

அன்றைக்குக் காலை ஒன்பது மணிக்குக் கடலிலிருந்து ஒற்றைச் சங்கு வந்தது. வள்ளத்துக்கு வள்ளம் கைமாறி, கரைக்கு வரும்போது பத்துப் பன்னிரண்டு சங்கு ஊதிவிட்டார்கள். எந்த வள்ளம், அதில் எத்தனையாவது ஆள் என்பதைக் கொடியசைவு சொன்னது, பெயரை அந்த வள்ளத்துப் பட்டியல் சொன்னது. சூசை. நல்ல குளிகாரன் என்று கரை முழுக்கப் பெயர் எடுத்தவன். கயிறு பிடிப்பது அவன் மனைவி அமலியின் அண்ணன் மிக்கேல். நான் சூசையின் தன்சொல்லை எடுத்து மடியில் வைத்துக்கொண்டேன். ஆள் முன்னால் வந்து உட்காரும்வரை முத்திரையை உடைக்கக்கூடாது.

ஒன்பதுக்கு உள்வாங்கினால் பன்னிரண்டு வரை நேரம். பாரிலிருந்து கரைக்குக் காற்றோடு வந்தால் ஒன்றரை மணி நேரம் போதும். ஆனால் காற்று செத்துப்போயிருந்தது! கடல் எண்ணெய் ஊற்றின மாதிரி கிடக்கிறது. பாய் துவண்டு தொங்குகிறது. பத்து மணி. பத்தரை. நான் கடிகாரத்தைப் பார்க்கிறேன், கடலைப் பார்க்கிறேன். பதினொன்றுக்குத்தான் ஒரு புள்ளி தெரிந்தது. துடுப்புப் போட்டு வருகிறார்கள். கரையில் அவ்வளவு ஜனம் நிற்கிறது, ஒரு சத்தம் இல்லை. சிப்பி பிரிப்பவர்கள், மூட்டை தூக்குபவர்கள், பணியாரம் விற்பவள், எல்லோரும் வாயைப் பொத்திக்கொண்டு அந்தப் புள்ளியையே பார்க்கிறார்கள். கடைசியில் துடுப்புச் சத்தம் மட்டும் தண்ணீரில் கேட்க ஆரம்பித்தது.

வள்ளம் மணலில் ஏறும்போது பதினொன்று முப்பத்தைந்து. மிக்கேலின் உள்ளங்கை இரண்டும் தோல் உரிந்து ரத்தமாக இருந்தது. சூசையைக் கைத்தாங்கலாக இறக்கி, என் கொட்டகையில் பாயில் உட்கார வைத்தார்கள். நல்ல உயரமான ஆள். காதில் பஞ்சு, முகத்தில் குளிப்பாட்டிய குழந்தையின் சிரிப்பு. கையில் கிடைத்த கயிற்றை எடுத்து அவன் பாட்டுக்குச் சுருட்ட ஆரம்பித்தான். எவ்வளவு அழகாகச் சுருட்டினான்! வளையத்துக்கு மேல் வளையம், பிசகே இல்லை. அப்போது முதல் கொட்டாவி வந்தது.

நான் முத்திரையை உடைத்தேன். சத்தமில்லாமல் ஒரு தடவை ஓட்டிப் பார்ப்பது வழக்கம். பார்த்தேன். எழுத்தர் அவன் பேச்சை அப்படியே எழுதியிருந்தார், நடுவில் அப்பா, அம்மா, கல்யாணம், பிள்ளைகள் பெயர் இவற்றை விட்டுவிட்டுச் சொல்கிறேன்.

"எம் பேரு சூசை. பெஞ்சாதி அமலி. ரெண்டு பொம்பளப் பிள்ளைய. எட்டுப் பாகம் ஆழம் போவேன். கயிறு மிக்கேல் மச்சான். குடிப்பேன். குடிச்சா அமலிய அடிப்பேன். போன மாசம் அவ எடது கைய முறிச்சிட்டேன். எனக்கு உள்வாங்கிச்சுன்னா இத எனக்குச் சொல்லாண்டாம். பெஞ்சாதிய அடிக்காதவன்னு சொல்லுங்க. அப்படியாவது அடிக்காம இருக்கேனான்னு பாப்பம்."

எனக்கு உடம்பெல்லாம் சிலிர்த்துவிட்டது. ஒரு சொல்! ஒரே ஒரு சொல் சொன்னால் ஒரு பெண் இனிமேல் அடி வாங்காமல் இருப்பாள். ஆத்தூர்க்காரருக்கு அவர் கேட்காமல் கூட்டினேன், தப்பு. இங்கே ஆளே வாய்விட்டுக் கேட்டிருக்கிறான். தன்சொல்லில் இருப்பதைத்தானே சொல்லப்போகிறேன், எந்த விதி என்னைத் தடுக்கும்? இருபத்து நாலு வயதில் கடவுள் வேலை கிடைத்தால் யார் வேண்டாம் என்பார்கள்?

மிக்கேல் என் முகத்தைப் பார்த்தே புரிந்துகொண்டான். சூசையின் காது அடைத்திருப்பதால் எங்களுக்குள் பேசலாம். அவன் கொட்டகை வாசலில் கைகூப்பி நின்றான்.

"எம்மா, அவன் எழுதச் சொன்னது எனக்குத் தெரியும். எங்கிட்டக் கேட்டுட்டுத்தான் சொன்னான். அப்படியே சொல்லிருங்க. எந்தங்கச்சி கைய முறிச்சவன எத்தன நாள் நான் தண்ணிக்குள்ள விட்டு இழுத்திருக்கேன் தெரியுமா? ஒவ்வொரு மட்டமும் கயிறு என்னயப் பாக்கும், நான் கயிறப் பாப்பேன். விட்டா அவ தாலி போவும். அதுக்காவ இழுப்பேன். இன்னிக்குக் கடலே ஒரு வழி விட்டிருக்கு. கெடுத்துராதிய."

நான் தலையாட்டிவிட்டேன். ஆமாம், தலையாட்டினேன். உட்கார்ந்து சூசையின் காதுப் பஞ்சில் கை வைத்தேன். அவன் கயிற்றைச் சுருட்டிக்கொண்டிருந்தான். அந்தக் கையைப் பார்த்தேன். எனக்கு அங்கேயே கை நின்றுவிட்டது.

கைப்பழக்கம் போகாது என்று சொன்னேனே. தன் பெயர் தெரியாதவன் கை, கயிற்றை மறக்கவில்லை. அடித்துப் பழகிய கை அதை மட்டும் மறந்துவிடுமா? ஆத்தூர்க்காரர் நினைவு நீந்தியது, உடம்பு நீந்தவில்லை. இவன் நினைவு அடிக்காது. கை?

கடிகாரம் பதினொன்று நாற்பத்தைந்து. அப்போதுதான் அமலி ஓடிவந்தாள். சிப்பிக் கொட்டகையிலிருந்து மணலில் ஓடிவந்த மூச்சிரைப்பு. மெலிந்த பெண், என் வயதுதான் இருக்கும். இடது கையில் மூங்கில் பத்தை வைத்துக் கட்டியிருந்தது. மிக்கேல் அவளிடம் இரண்டு வார்த்தையில் விஷயத்தைச் சொன்னான், நல்ல செய்தி சொல்கிற முகத்தோடு. அவள் அண்ணனைப் பார்க்கவே இல்லை, என்னைப் பார்த்தாள்.

"அக்கா, அப்படிச் சொல்லாதிய."

"ஏளா, உனக்கு நல்லதுக்குத்தாம்ளா!" என்றான் மிக்கேல்.

"என்ன நல்லது? தூங்கி எந்திரிச்சி எங்கையப் பாத்து, எங்கன விழுந்த அமலின்னு கேப்பாவ. நான் என்ன சொல்ல? கெணத்தடியில வழுக்கி விழுந்தேன்னு சொல்லவா? அடி வாங்குனது நான். அதயும் நான் ஒருத்தியே சொமக்கணுமா? பொறவு ஒருநாள் அடிப்பாவ. அன்னிக்கு, நான் அப்படிப்பட்டவனே இல்லியேன்னு சத்தியம் பண்ணுவாவ. ஊரும் நம்பும். நீயும் நம்புவ. நான் பொய்க்காரி ஆவேன்."

இரண்டாவது கொட்டாவி வந்தது. நான் சட்டென்று பஞ்சை எடுத்துவிட்டு வாசிக்க ஆரம்பித்தேன். "உன் பெயர் சூசை." அவன் கண் என் மேல் நிலைத்தது. அப்பா, அம்மா, கல்யாணம், பிள்ளைகள் இருவரின் பெயர், எட்டுப் பாகம் ஆழம், கயிறு பிடிக்கும் மச்சான். குரல் நடுங்காமல் சொல்லிக்கொண்டு வந்தேன். "நீ குடிப்பாய். குடித்தால் அமலியை அடிப்பாய்." அடுத்த வரிக்கு வந்தேன். "போன மாதம் அவள்..." என்று தொடங்கி நிறுத்திவிட்டேன்.

ஏன் நிறுத்தினேன் என்று விசாரணையில் கேட்டார்கள். அன்றைக்கு அந்த வரியை வாசித்தால் அது ஒரு வரியாகத்தான் உறையும் என்று எனக்குத் தெரிந்தது. அவனே சொன்ன வரி, குடிபோதைக்குள்ளிருந்து பார்த்த வரி. "முறிச்சிட்டேன்", முடிந்தது. எந்தப் பக்கமும் நிற்காத நான் வாசித்தால் அதுவும் எந்தப் பக்கமும் இல்லாமல் போய்விடும். எந்தப் பக்கமும் நிற்காமல் இருப்பது நியாயம் என்று அதுவரை நினைத்திருந்தேன். அந்த நிமிஷத்தில் அது அவன் பக்கம் நிற்பதாகவே எனக்குப் பட்டது. ஆத்திரம் ஆத்திரமாக வந்தது. நான் எழுந்து, அமலியின் தோளைப் பிடித்து என் இடத்தில் உட்கார வைத்தேன். பேசக்கூடாது என்பதால் "நீ சொல்லு" என்று கையைக் காட்டினேன்.

அவளுக்கு விதி தெரியும். கரையில் பிறந்தவர்களுக்கு அது தெரியாமல் இருக்குமா? ஒரு கணம் என்னைப் பார்த்தாள். பிறகு புருஷன் முகத்துக்கு நேராகக் குனிந்து, சோறு போடட்டுமா என்று கேட்கிற குரலில் சொன்னாள்.

"நான் அடுப்பு முன்னால இருந்தேன். ஒல கொதிச்சிட்டு இருந்துது. நீங்க வாசல்ல வந்து நின்னிய. மூத்தவ பாய்க்குப் பின்னால போய் ஒளிஞ்சா. சோறு கொழஞ்சிருக்குன்னு சொன்னிய. இன்னும் அரிசியே போடலியேன்னு நெனச்சேன், சொல்லல. மொத அடி காதுல விழுந்துது. ரெண்டாவதுக்குக் கைய நீட்டித் தடுத்தேன். எலும்பு முறிஞ்ச சத்தம் எனக்குக் கேட்டுது. உங்களுக்குக் கேக்கல. கேட்டிருந்தா நிறுத்தியிருப்பிய. நான் அடுப்புச் சாம்பல்ல கெடந்தேன். உங்க காலு ரெண்டும் எங்கண்ணுக்கு நேரா நின்னுது. அடுத்து ஒதைக்கப்போறியளான்னு அந்தக் காலயே பாத்துட்டு இருந்தேன்."

சூசை கயிற்றைக் கீழே விட்டுவிட்டான். அவனுடைய வலது கை மெல்ல நகர்ந்து, நல்லாயிருந்த தன் இடது கையை, முழங்கைக்குக் கீழே, பிடித்துக்கொண்டது. வாசலில் மிக்கேல் முகத்தை மூடிக்கொண்டான்.

சூசையின் வாய் திறந்தது, மூன்றாவது கொட்டாவி தொடங்கிவிட்டது. நான் பாய்ந்து அவன் காதருகே குனிந்து கடைசியாக ஒன்றைச் சொன்னேன். "இதை உனக்குச் சொல்ல வேண்டாம் என்று நீயே கேட்டுக்கொண்டாய் சூசை. வெட்கப்பட்டுக் கேட்டுக்கொண்டாய்." அவன் மறக்க நினைத்ததும் அவன் வாழ்க்கையில் நடந்ததுதானே, அதை மட்டும் ஏன் விட வேண்டும்? ஆனால் "வெட்கப்பட்டு" என்ற சொல் தன்சொல்லில் கிடையாது. அது என் கைச்சரக்கு. ஆக, இரண்டு விதியும் ஒரே மத்தியானத்தில் போயிற்று. சூசை அமலியின் மடிப்பக்கமாகச் சாய்ந்து தூங்கிவிட்டான். வெளியே இரட்டைச் சங்கு ஊதினார்கள், பேசலாம் என்று அர்த்தம். அந்தக் கடற்கரை முழுக்க ஒரே நேரத்தில் பேச ஆரம்பித்த இரைச்சல் இன்னும் என் காதில் இருக்கிறது.

சாயங்காலம் சூசை அலறிக்கொண்டு எழுந்தான். கை முறிந்துவிட்டது, பத்தை வைத்துக் கட்டுங்கள் என்று கம்பவுண்டரிடம் அழுதான். கம்பவுண்டர் தடவிப் பார்த்து, எலும்பு இரும்பு மாதிரி இருக்கிறது என்றார். சூசை நம்பவில்லை. அவனுக்குத்தான் அந்தச் சத்தம் ஞாபகம் இருக்கிறதே.

தலைவர் என்னை ஒரு பருவம் முழுக்க முதல் சொல் சொல்லவிடாமல் நிறுத்தி வைத்தார். தன்சொல்களைப் படியெடுக்கிற வேலை கொடுத்தார். விசாரணைத் தாளில் கையெழுத்துப் போட்டுவிட்டு, "உனக்குத் தண்டனை கொடுத்தது சரி. நான் அங்கே இருந்தால் என்ன செய்திருப்பேன் என்று மட்டும் கேட்காதே" என்றார். அந்த மனிதர் என்னிடம் பேசிய நீளமான பேச்சு அதுதான்.

இதைக் கேட்டுவிட்டு நாளைக்கே விதியை மீறப் புறப்பட்டுவிடாதீர்கள், தோலை உரித்துவிடுவேன். ஆத்தூர்க்காரருக்குச் சொல்லும்போதும் எனக்கு நல்லது செய்கிற சந்தோஷம்தான் இருந்தது, சூசை முன்னால் தலையாட்டியபோதும் அதே சந்தோஷம்தான். உங்களுக்கு அப்படி உள்ளுக்குள் குதியாட்டம் போடுகிற நேரத்தில்தான் கையை எடுத்து மடியில் வையுங்கள். எதிரில் இருப்பவர் கையைப் பாருங்கள். அடி பட்டவர் யாராவது வாசலில் நிற்கிறாரா என்று திரும்பிப் பாருங்கள். எனக்குத் தெரிந்தது அவ்வளவுதான். நான் செய்தது சரிதானா என்று எனக்கு ரொம்ப நாள் தெரியாமலே இருந்தது.

மூன்று வருஷம் கழித்து ஒரு கார்த்திகை மாதம், நல்ல மழைக்காலம். தூத்துக்குடி மார்க்கெட்டில் அமலியைப் பார்த்தேன். இரண்டு கையிலும் இரண்டு பை. கொஞ்சம் சதை போட்டிருந்தாள். பின்னால் சூசை வருகிறான், இடது கையை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு, ஈரக்காற்று அதில் படாமல் துண்டால் சுற்றி மூடிக்கொண்டு. என்னைப் பார்த்ததும் மரியாதையாக ஒதுங்கி நின்றான்.

நான் அமலியைத் தனியாக இழுத்து, மனசு கேட்காமல் கேட்டேன், "இப்போ அடிக்கிறாரா?"

"குடி இன்னும் விடல. கை ஓங்கும் அக்கா. பாதியில நின்னுரும். எடது கையப் பிடிச்சிட்டு அப்படியே அடுப்பங்கரையில உக்காந்துருவாவ." பைகளை மாற்றிப் பிடித்துக்கொண்டாள். அவளுடைய இடது கையைப் பார்த்தேன், நேராக, உறுதியாக இருந்தது.

"உன் கை நல்லாக் கூடிட்டுதா?"

அமலி திரும்பிப் புருஷனைப் பார்த்தாள்.

"எனக்கு எப்பமோ கூடிட்டுக்கா. அவியளுக்குத்தான் இன்னும் கூடல."